ஒரு கூரைக்கு இரண்டு விலை

ஏலகிரிக்கு ஏறும் மலைப்பாதையின் வளைவுகளுக்குத் தமிழ்ப் புலவர்களின் பெயர்களையும் வள்ளல்களின் பெயர்களையும் சூட்டியிருக்கின்றனர். பாவேந்தரைக் கடக்கிறோம், இளங்கோவைக் கடக்கிறோம், சற்று மேலே பாரி நிற்கிறான், பேகன் நிற்கிறான். முல்லைக்குத் தேரும் மயிலுக்குப் போர்வையும் ஈந்தவர்கள். ஈந்ததைத் திருப்பிக் கேட்டதாகவோ, பத்திரம் எழுதி வாங்கியதாகவோ எந்தப் புலவரும் பாடவில்லை. அந்த மலையின் அடிவாரத்திலே சோலையார்ப்பேட்டை. அதற்கப்பால் பாலாற்றை ஒட்டி வாணியம்பாடி, ஆம்பூர், பேரணாம்பட்டு, இராணிப்பேட்டை எனத் தோல் பதனிடும் ஊர்கள் தொடர்கின்றன. அங்கே வாழ்பவனுக்குப் பாரியைத் தெரியாது. பத்திர எழுத்தரைத் தெரியும். வட்டிக் கடைக்காரரைத் தெரியும். மாதத் தவணைத் தேதி தன் பிள்ளையின் பிறந்த நாளைவிட நன்றாகத் தெரியும்.

வீட்டை ஈடாக வைத்துப் பெறும் கடனைப் பற்றி இந்த ஏட்டில் எழுதுவானேன் என்று சில தோழர்கள் கேட்கக்கூடும். கடவுளையும் சாதியையும் மூடநம்பிக்கையையும் பேசும் இடத்தில் கணக்கு வழக்கு எதற்கு? கேள்வி நியாயமானதுதான். ஆனால் கடனின் வரலாற்றைத் தோண்டிப் பார்த்தால், முதல் மண்வெட்டியிலேயே தட்டுப்படுவது சாதி.

மனுவின் நூலை எடுப்போம். எட்டாம் அத்தியாயம் வழக்குகளைப் பற்றியது. கடனைப் பற்றிய விதிகள் அங்கேதான் உள்ளன. ஈடு வைத்து வாங்கும் கடனுக்கு மாதம் எண்பதில் ஒரு பங்கு வட்டி என்கிறது அந்நூல். ஆண்டுக்குக் கணக்கிட்டால் நூற்றுக்குப் பதினைந்து. அடுத்து வருகிறது மற்றொரு விதி: வருண வரிசைப்படி மாதத்துக்கு நூற்றுக்கு இரண்டு, மூன்று, நான்கு, ஐந்து என வட்டி வாங்கலாம். பார்ப்பனனுக்கு இரண்டு, சூத்திரனுக்கு ஐந்து. இது ஈடு இல்லாத கடனுக்கு உரியது என்று உரையாசிரியர்கள் விளக்கம் தருவர். இருக்கட்டும். ஈடு வைக்க நிலமும் வீடும் பொன்னும் எவனிடம் இருந்தன, எவனிடம் இல்லை என்பதையும் அந்த உரையாசிரியர்களே சொல்லியிருந்தால் விளக்கம் முழுமை பெற்றிருக்கும். நூறு பணம் கடன் வாங்கிய பார்ப்பனனுக்கு வட்டி முதலுக்குச் சமமாக வளர ஐம்பது மாதம் பிடிக்கும். சூத்திரனுக்கு இருபதே மாதம்.

இதைவிட நம் கருத்தைக் கவர்வது அதே அத்தியாயத்தில் உள்ள வேறொரு விதி. கடனைத் திருப்ப இயலாதவன் கடன் கொடுத்தவனுக்கு ஒத்த சாதியாகவோ தாழ்ந்த சாதியாகவோ இருந்தால், உடலுழைப்பால் கடனைக் கழிக்க வேண்டும். உயர்ந்த சாதியாக இருந்தால், சிறுகச் சிறுகச் செலுத்தினால் போதும். தோழர்களே, நன்கு கவனியுங்கள். சிறுகச் சிறுகச் செலுத்துவதற்கு இன்று என்ன பெயர்? தவணை! 'இ.எம்.ஐ.' என்று ஆம்பூர்ச் சந்தையில் கீரை விற்கும் அம்மையார்கூட உச்சரிக்கும் அந்தத் தவணை முறை, ஒரு காலத்தில் மேற்சாதிக்கு மட்டும் உரிய சலுகை. மற்றவனுக்கு இருந்தது பண்ணையடிமை முறி. ஒரே கடன், ஒருவனுக்குக் காலம் கொடுக்கப்பட்டது, இன்னொருவனிடம் காலம் பறிக்கப்பட்டது.

இது வடமொழி ஏட்டில் எழுதியது, நம் நாட்டில் நடந்ததா என்று கேட்பவர்களுக்கு 1891-ஆம் ஆண்டைக் காட்டுவோம். செங்கற்பட்டுக் கலெக்டராக இருந்த திரமென்ஹீர், தன் மாவட்டத்துப் பறையர்களின் நிலையைப் பற்றி அரசுக்கு ஓர் அறிக்கை தந்தார். திருமணத்துக்கென்று வாங்கிய சிறு தொகைக்காக வாழ்நாள் முழுவதும் பண்ணையாளாகக் கட்டுண்டு கிடந்தவர்களை அவர் கண்டார். அவர்கள் குடியிருந்த குடிசையின் மண்ணும் அவர்களுடையதன்று. மிராசுதாரரின் சொல்லை மீறினால் குடிசையே போகும். கடன்காரனும் வீட்டுக்காரனும் வேலை தருபவனும் ஒருவனே! இப்படி மூன்று கயிற்றையும் ஒருவன் கையில் பிடித்திருந்தால், வட்டி எத்தனை என்று கேட்பதற்கே வாய் எழாது. குடியிருப்பு மனையை அவர்களுக்கே உரிமையாக்க வேண்டும் என்ற பேச்சு அரசு ஏடுகளில் அப்போதுதான் அழுத்தம் பெற்றது. அது சட்டமாக எண்பது ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது. அதைப் பின்னர்ப் பார்ப்போம்.

ஆரியத்தின் மேல் எல்லாப் பழியையும் போட்டுவிட்டு நாம் கை கழுவிக்கொள்ளவும் முடியாது. தஞ்சைப் பெருங்கோயிலை 1010-இல் எழுப்பி முடித்த இராசராசன், அக்கோயிலின் பணத்தை ஊர்ச்சபைகளுக்கு வட்டிக்குக் கொடுக்கச் செய்தான். காசு ஒன்றுக்கு ஆண்டுக்கு அரைக்கால் காசு, அதாவது நூற்றுக்குப் பன்னிரண்டரை. பலிசை, பொலிசை என்று கல்வெட்டுகள் வட்டியைக் குறிக்கும். வட்டி வீதம் மிகுதி என்று சொல்ல மாட்டோம். மனுவின் ஐந்தோடு ஒப்பிட்டால் குறைவே. ஆனால் அந்தக் கடனுக்கு முடிவு தேதி கிடையாது. முதலைத் திருப்பித் தருவது நோக்கமே அன்று. சந்திரனும் சூரியனும் உள்ளவரை விளக்கெரிக்கவும் திருவமுது படைக்கவும் வட்டி வந்துகொண்டே இருக்க வேண்டும். எட்டாண்டில் வட்டி முதலை எட்டிவிடும். எண்பதாண்டில் பத்து மடங்கு. ஊரார் வாங்கிய காசை எந்தத் தலைமுறை செலவழித்தது, எந்தத் தலைமுறை வட்டி கட்டியது? கோபுரத்தின் நிழலைப் பற்றி எழுதியவர்கள் பலர். இந்தக் கணக்கை எழுதியவர்கள் சிலரே. கடனின் விலையை நிர்ணயிப்பது வட்டி வீதம் மட்டுமன்று, காலமும்தான் என்பதற்குத் தமிழ் மண்ணில் இதைவிடப் பழைய சான்று நாம் தேட வேண்டியதில்லை.

வெள்ளையர் வந்தனர். 1855-இல் வட்டிக்கு உச்சவரம்பு விதித்த சட்டங்களை நீக்கினர். இரு தரப்பும் ஒப்புக்கொண்ட வட்டி எதுவோ அதுவே வட்டி. நீதிமன்றம் அதற்குத் தீர்ப்பு வழங்கும். சாதி பார்த்து வட்டி என்னும் விதி போயிற்று, நல்லது. அதோடு இன்னொன்றும் போயிற்று. வட்டி எவ்வளவு வளர்ந்தாலும் முதலுக்கு மேல் வாங்கக்கூடாது என்ற கட்டுப்பாடு பழைய சாத்திரத்திலே இருந்தது. தாம்துபத் என்று அதற்குப் பெயர். பம்பாய் மாகாணத்திலும் கல்கத்தா நகரிலும் நீதிமன்றங்கள் இந்துக்களுக்கு அதைத் தொடர்ந்து கையாண்டன. சென்னை மாகாணத்து ஊர்ப்புறங்களில் அது வழங்கவில்லை. சாத்திரக் குப்பையில் ஒரே ஒரு மணி கிடந்தது என்றால், நம் நாட்டுக்கு அதுவும் கிட்டவில்லை!

1882-இல் சொத்து மாற்றுச் சட்டம் வந்தது. அடமானத்தின் வகைகளை அது வரையறுத்தது. சொத்தைக் கையில் வைத்துக்கொண்டே அதன்மேல் கடன் வாங்குவது ஒன்று. சொத்தைக் கடன் கொடுத்தவனின் அனுபவத்துக்கு விட்டு, அதன் வருவாயை வட்டிக்கு ஈடு செய்வது இன்னொன்று. மக்கள் ஒத்தி என்பர், போக்கியம் என்பர். இன்ன காலத்துக்குள் பணம் தராவிட்டால் விற்றதாகவே கொள்ளப்படும் என்று எழுதுவது மற்றொன்று. மூலப்பத்திரத்தைக் கொண்டுபோய் ஒப்படைப்பது மட்டுமே போதும் என்பது வேறொன்று. அன்று சென்னை போன்ற பெருநகர் வணிகருக்கென வகுத்த இந்த வழிதான் இன்று வங்கிக்கு நடக்கும் எல்லாருக்கும் வழியாகி இருக்கிறது. ஒத்தியில் ஒரு நுட்பமான கொடுமை உண்டு. வீட்டை ஒத்திக்கு எழுதியவன் எங்கே போவான்? அதே வீட்டில் வாடகைக்கு இருப்பான். தன் பாட்டன் எழுப்பிய சுவருக்குத் தானே வாடகை தருவான். அந்த வாடகைதான் வட்டி. எத்தனை ஆண்டு தந்தாலும் முதல் ஓர் அணாவும் குறையாது.

இந்தச் சட்டத்தாலும் ரொக்க வரியாலும் பஞ்சங்களாலும் ஏறிய சுமையை அளந்தவர் பிரெடெரிக் நிக்கல்சன். சென்னை அரசு கேட்க, 1895-லும் 1897-லும் இரு தொகுதிகளாக அவர் அறிக்கை தந்தார். சென்னை மாகாணத்து ஊர்ப்புறக் கடன் ஏறக்குறைய 45 கோடி ரூபாய் என்று மதிப்பிட்டார். செருமனியில் கூட்டுறவுக் கடன் சங்கங்களைத் தோற்றுவித்த ரைபெய்சனைப் போல ஒருவரைக் கண்டுபிடியுங்கள் என்பதே அவர் தந்த மருந்து. 1904-இல் கூட்டுறவுச் சட்டம் வந்தது. 1929-இல் சென்னையில் மைய நில அடமான வங்கி தோன்றியது. ஆனால் 1930-இல் மாகாண வங்கி விசாரணைக் குழு மதிப்பிட்டபோது கடன் 150 கோடி. 1935-இல் சத்தியநாதன் மதிப்பிட்டபோது சுமார் 200 கோடி. மருந்து கண்டுபிடித்த பின் நோய் நான்கு மடங்காயிற்று! உலகப் பொருளாதார வீழ்ச்சியில் விளைபொருள் விலை சரிந்தது. ஆனால் பத்திரத்தில் எழுதிய எண் சரியவில்லை. ஒரு மூட்டை நெல் கொடுத்துத் தீர்த்திருக்க வேண்டிய கடனுக்கு இரண்டு மூட்டை தேவைப்பட்டது.

அந்த ஆண்டுகளில் கடல் கடந்த பர்மாவில் நடந்ததையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். கீழ்ப் பர்மாவின் முதன்மையான நெல் விளையும் மாவட்டங்களில் 1930-இல் நிலத்தில் நூற்றுக்கு ஆறு பங்கு அளவே செட்டியார்களின் கையில் இருந்தது. 1938-க்குள் அது நாலில் ஒரு பங்காயிற்று. அவர்கள் நிலம் வேண்டி வந்தவர்கள் அல்லர். பணத்தை வேண்டினர், கிடைக்காததால் நிலத்தை எடுத்தனர். ஆனால் இழந்த பர்மிய உழவனுக்கு இந்த வேறுபாடு என்ன ஆறுதல் தரும்? அங்கே தமிழன் கடன் கொடுத்தவனாக நின்றான். அடமானம் மொழி பார்ப்பதில்லை.

இங்கே, 1932-இன் இறுதியில் ஈரோட்டில் தந்தை பெரியார் கூட்டிய சுயமரியாதைத் தோழர்களின் கூட்டத்தில், சிங்காரவேலரின் துணையோடு சமதர்மத் திட்டம் வகுக்கப்பட்டது. உழவரும் தொழிலாளரும் பட்டுள்ள கடன்களை நீக்குவது அதன் குறிக்கோள்களில் ஒன்று. சாதியை ஒழிக்கக் கிளம்பிய இயக்கம் வட்டியைத் தொட்டது தற்செயலன்று. மனு இரண்டையும் ஒரே நூலில் எழுதினான். இயக்கம் இரண்டையும் ஒரே தீர்மானத்தில் எதிர்த்தது.

1938-இல் இராசகோபாலாச்சாரியார் அமைச்சரவை உழவர் கடன் நிவாரணச் சட்டத்தைக் கொண்டு வந்தது. அதே ஆண்டில் பள்ளிகளில் இந்தியைத் திணித்த அதே அமைச்சரவை. திணித்ததை எதிர்த்துச் சிறை சென்ற இயக்கத்தின் வழிவந்த நாம், இந்தச் சட்டத்தை நல்லதென்று ஒப்புக்கொள்வதில் தயக்கம் காட்ட வேண்டியதில்லை. 1932 அக்டோபருக்கு முந்திய கடன்களில் நிலுவை வட்டி தள்ளுபடி. முதலைப் போல் இருமடங்கு ஏற்கெனவே செலுத்தியிருந்தால் கடனே தீர்ந்தது. ஆனால் இந்த நிழல் யாருக்கு? சட்டத்தின் கண்ணில் உழவன் என்பவன் நிலத்தில் விற்கத்தக்க உரிமை உடையவன். அடுத்தவன் நிலத்தில் கூலிக்கு உழுதவனும், தோல் கிடங்கில் சுண்ணாம்புத் தொட்டியில் இறங்கி நின்றவனும், ஆவாரம் பட்டையை இடித்தவனும் உழவன் அல்லன். கடன் இருந்தது, நிவாரணம் இல்லை.

ஏலகிரியின் கதையும் இத்தகையதே. அம்மலையில் வாழும் பழங்குடியினர் மலையாளிகள் எனப்படுவர். கேரளத்தார் அல்லர், மலையை ஆள்வோர் என்னும் பொருளில். மலை முழுவதும் ஒரு சமீன் குடும்பத்தின் உடைமையாக இருந்தது. 1950-களில்தான் அரசின் கைக்கு மாறியது. சென்னை அரசு 1917-இல் கஞ்சம், விசாகப்பட்டினம், கோதாவரி மலைப்பகுதிகளுக்கென ஒரு சட்டம் இயற்றியது. மலைவாழ் மக்களின் நிலம் வெளியாருக்குப் போகக்கூடாது. அவர்களிடம் ஆண்டுக்கு நூற்றுக்கு 24-க்கு மேல் வட்டி வாங்கக்கூடாது. வட்டிக்கு வட்டி அறவே கூடாது. நல்ல சட்டம். ஆனால் அது வடக்கே இருந்த மலைகளோடு நின்றுவிட்டது. அதே அரசின் ஆட்சியில்தான் ஏலகிரியும் சவ்வாது மலையும் இருந்தன. 1911-இல் சேலத்திலிருந்து வடஆர்க்காட்டுக்கு மாற்றப்பட்ட திருப்பத்தூர் வட்டத்து மலைவாசிக்கு அந்தக் காப்பு எட்டவில்லை. விடுதலைக்குப் பின் அரசமைப்பின் ஐந்தாம் அட்டவணைப்படி அறிவிக்கப்பட்ட பகுதிகளிலும் தமிழ்நாட்டு மலை ஒன்றுகூட இடம்பெறவில்லை. இன்று ஏலகிரியில் சமவெளிச் செல்வரின் மாளிகைகளும் விடுதிகளும் வரிசையாக நிற்கின்றன. நிலம் எப்படிக் கைமாறியது என்று ஆராய்பவர்கள், ஒவ்வொரு கிரயத்துக்கும் முன்னால் ஒரு கைமாற்றுக் கடன் இருந்ததா என்று பார்க்கட்டும்.

1951-52-இல் ரிசர்வ் வங்கி நாடு முழுவதும் ஊர்ப்புறக் கடனை ஆராய்ந்தது. ஐம்பதாண்டு கூட்டுறவுக்குப் பின், உழவன் வாங்கிய கடனில் கூட்டுறவு தந்தது நூற்றுக்கு மூன்று. வட்டிக்காரர்கள் தந்தது ஏறத்தாழ எழுபது. இந்த எண்கள்தாம் பிற்காலத்துக் கொள்கைகளுக்கெல்லாம் தூண்டுகோல். வீட்டைப் பொறுத்தமட்டில் தமிழ்நாட்டில் 1961-இல் வீட்டுவசதி வாரியம், 1970-இல் குடிசை மாற்று வாரியம், 1974-இல் ஆதிதிராவிடர் வீட்டுவசதிக்கென ஒரு கழகம் எனத் தோன்றின. இவற்றினும் ஆழமானது என்று நாம் கருதுவது 1971-ஆம் ஆண்டின் குடியிருப்புச் சட்டம். கலைஞர் ஆட்சியில் வந்த அச்சட்டம், நிலக்கிழாரின் மனையில் குடிசை போட்டிருந்த உழவுத் தொழிலாளிக்கும் கைவினைஞனுக்கும் அந்த மனையையே உரிமையாக்கியது. திரமென்ஹீர் கண்ட மூன்று கயிற்றில் ஒன்று அறுந்தது. வீடே இல்லாதவன் எதை ஈடு வைப்பான்? அடமானம் என்பதே ஒரு வகையில் உடைமையாளனின் துன்பம்.

வீட்டுக் கடன் இன்றுள்ள வடிவத்தில் அமெரிக்காவில் உருவெடுத்தது. அங்கே 1930-களுக்கு முன் வீட்டுக் கடன் சில ஆண்டுகளுக்கே. முடிவில் முதலை மொத்தமாகத் தர வேண்டும். வீழ்ச்சியில் இலட்சக்கணக்கானோர் வீடிழந்தனர். 1933-லும் 1934-லும் ரூசுவெல்ட் அரசு தோற்றுவித்த அமைப்புகள் நீண்ட காலச் சமத் தவணை முறையைப் பரப்பின. அருமையான முறை. ஆனால் அதே அமைப்பினர் நகரங்களின் வரைபடங்களை எடுத்து, கறுப்பு மக்கள் வாழ்ந்த தெருக்களுக்குச் சிவப்பு வண்ணம் தீட்டினர். அங்கே கடன் இடருடையது என்று பொருள். தவணை வெள்ளையனுக்கு, ஏமாற்று ஒப்பந்தமும் குடியிருப்புச் சிறையும் கறுப்பனுக்கு. மனுவைப் படிக்காதவர்கள் மனுவை எழுதினர்!

இனி இன்றைய கணக்குக்கு வருவோம். ஆம்பூரில் காலணித் தொழிற்சாலையில் பணிபுரியும் கணவன் மனைவி இருவரை எண்ணிக்கொள்வோம். வீடு கட்டப் பத்து இலட்சம் ரூபாய் கடன், ஆண்டுக்கு நூற்றுக்கு ஒன்பது வட்டி, இருபது ஆண்டு. மாதத் தவணை 8,997 ரூபாய். இருபதாண்டில் கட்டும் தொகை 21 இலட்சத்து 59 ஆயிரம். வாங்கிய கடனைவிட வட்டி மிகுதி. தாம்துபத் இருந்திருந்தால் என்ற நினைவு வருகிறதன்றோ? அதைவிட முக்கியம், அந்தப் பணம் போகும் வரிசை. முதல் மாதம் கட்டும் 8,997-இல் 7,500 வட்டிக்கு. 1,497 மட்டுமே முதலுக்கு. ஐந்தாண்டு தவறாது கட்டி முடித்தபின், 5 இலட்சத்து 40 ஆயிரம் கொடுத்திருப்பர். கடனில் குறைந்திருப்பது 1 இலட்சத்து 13 ஆயிரம். முதலில் பாதி தீர்வதற்கு ஆண்டு பதினான்கு ஆகும். இதில் மோசடி எதுவுமில்லை. நிற்கும் கடனுக்கு வட்டி என்ற எளிய விதிதான். ஆனால் இதைக் கையெழுத்திடுமுன் அறிந்தவர் எத்தனை பேர்? பூமி பூசைக்கு இராகு காலம் பார்க்கிறோம்; வாசற்கால் வைக்க வாஸ்து பார்க்கிறோம்; புதுமனை புகுவிழாவுக்குப் பஞ்சாங்கத்தின் பத்துப் பக்கம் புரட்டுகிறோம். வங்கி தரும் தவணை அட்டவணையை ஒரு பக்கம் புரட்டுவதில்லை.

தவணை கனக்கிறது என்றால், "முப்பதாண்டாக்கிக்கொள்ளுங்கள், சுமை குறையும்" என்பர். குறையும்: மாதம் 951 ரூபாய். அதற்கு ஈடாக மொத்தத்தில் 7 இலட்சத்து 37 ஆயிரம் கூடும். இராசராசன் காசுக்குச் சந்திரன் சூரியன் சாட்சி. இந்தக் கடனுக்குப் பணி ஓய்வு சாட்சி. காலணித் தொழிற்சாலையில் முப்பதாண்டு நிலைத்த வேலை யாருக்கு உறுதி? அத்தொழிலின் கூலி ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் இருந்து வரும் ஆணையைப் பொறுத்தது. 2020-இல் பெருந்தொற்று தொழிற்சாலைகளை மூடியது. 2025 ஆகஸ்டில் அமெரிக்கா இந்தியப் பொருள்களுக்கு 50 விழுக்காடு வரி விதித்தது. தோல் தொழில் அதன் அடியை வாங்கிய தொழில்களில் ஒன்று. ஆணை ஆறு மாதத்துக்கு, கடன் இருபதாண்டுக்கு.

பெருந்தொற்றின்போது மார்ச்சு முதல் ஆகஸ்டு வரை ஆறு மாதம் தவணை கட்டாதிருக்க ரிசர்வ் வங்கி இசைவளித்தது. மக்கள் அதைத் தள்ளுபடி என்று எண்ணினர். அது தள்ளிவைப்பு. நாம் எடுத்துக்கொண்ட கடனில், முதல் ஆறு மாதம் கட்டாது விட்டால் 45,000 ரூபாய் வட்டி கடனோடு சேரும். தவணையை மாற்றாது விட்டால் அது 34, 35 கூடுதல் தவணைகளாக, அதாவது மூன்று இலட்சத்துக்கு மேல், முடிவில் வந்து நிற்கும். வட்டிக்கு வட்டி வாங்கக்கூடாது என்று உச்ச நீதிமன்றம் 2021 மார்ச்சில் தீர்ப்பளித்தது. வட்டியே வேண்டாம் என்ற கோரிக்கையை அது ஏற்கவில்லை. நம் கடனில் அந்தத் தீர்ப்பின் மதிப்பு இரண்டாயிரம் ரூபாய்க்கும் குறைவு.

மாறும் வட்டி என்னும் மற்றொன்று. 2019 அக்டோபர் முதல் வங்கிகளின் புதிய வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோலோடு, பெரும்பாலும் ரிசர்வ் வங்கியின் ரெப்போ வீதத்தோடு, கட்டப்பட்டன. 2020 மே மாதம் அது 4 விழுக்காடு. 2022 மே தொடங்கி ஏறி 2023 பிப்ரவரியில் 6.5. குறைந்த வட்டிக் காலத்தில் நூற்றுக்கு ஏழுக்குப் பத்து இலட்சம் வாங்கியவருக்குத் தவணை 7,753. இரண்டாண்டு கட்டியபின் வட்டி ஒன்பதரை ஆயிற்று என்க. தவணையை உயர்த்தாமல் காலத்தை மட்டும் நீட்டினால், மீதமுள்ள கடன் தீர இன்னும் 37 ஆண்டுக்கு மேலாகும்! நாற்பது வயதில் வாங்கியவர் எண்பதைத் தொடுவார். தவணைத் தொகை மாறாததால் அவருக்கு ஒன்றும் தெரிவதில்லை. இத்தகைய நிலை பரவியபின்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஆணையிட்டது: வட்டி மாறும்போது கடனாளிக்குத் தெரிவிக்க வேண்டும், தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்பதை அவரே தேர்ந்தெடுக்க வாய்ப்பளிக்க வேண்டும், தவணை மாத வட்டியைக்கூட ஈடுசெய்யாத நிலை வரக்கூடாது.

எதிர்வாதம் ஒன்று உண்டு. அதை மறைப்பது பகுத்தறிவாகாது. பதினைந்தாண்டு கழித்துத் தரும் 8,997 ரூபாய் இன்றைய 8,997 அன்று. பணத்தின் மதிப்பு தேயும். வாடகை மிச்சம். மனையின் விலை ஏறும். ஆகவே கூட்டிய தொகையைக் காட்டி அச்சுறுத்துவது முறையன்று என்பர். ஊதியம் ஆண்டுதோறும் ஏறும் அரசுப் பணியாளருக்கு இது பெரும்பாலும் உண்மை. பணமதிப்பு தேய்வதற்கு ஏற்ப கூலி ஏறாதவனுக்கு இது பாதி உண்மையே. வாடகைக்கு இருந்து வீட்டுக்காரனின் முகம் பார்த்தவர்கள், சாதி கேட்டு வீடு மறுக்கப்பட்டவர்கள், சொந்தக் கூரைக்கு இரட்டை விலையும் தரத் துணிவர். அதை மடமை என்று நாம் சொல்ல மாட்டோம். ஒதுக்கப்பட்டவனுக்கு வீடு என்பது முதலீடு மட்டுமன்று. விலையை அறிந்து துணியட்டும் என்பதே நம் வேண்டுகோள்.

இந்தக் கணக்கெல்லாம் வங்கியின் கதவு திறந்தவர்களுக்கு. பட்டா இல்லாத மனையில், ஊதியச் சீட்டு இல்லாத வேலையில் இருப்பவருக்கு அந்தக் கதவு திறவாது. அவருக்குத் தெருவில் கிடைப்பது 'இரண்டு வட்டி', 'மூன்று வட்டி', 'ஐந்து வட்டி'. மாதத்துக்கு நூற்றுக்கு இத்தனை என்று பொருள். மனுவின் பட்டியலில் உள்ள அதே எண்கள். எண்ணும் முறைகூட அதே! ஓர் இலட்சத்துக்கு மூன்று வட்டி என்றால் மாதம் 3,000. இருபதாண்டில் 7 இலட்சத்து 20 ஆயிரம் கட்டியபின்னும் முதல் ஓர் இலட்சம் அப்படியே நிற்கும். 2003-இல் தமிழ்நாடு கந்துவட்டித் தடைச் சட்டம் இயற்றியது. மகளிர் குழுக்களுக்கு நுண்கடன் தரும் நிறுவனங்களின் வட்டிக்கு இருந்த உச்சவரம்பை 2022 ஏப்ரல் முதல் ரிசர்வ் வங்கி நீக்கியது. 1855 நம் நினைவுக்கு வருகிறது. வசூலுக்கென வீட்டு வாசலில் வந்து மிரட்டுவதைத் தடுக்க 2025-இல் தமிழ்நாட்டுச் சட்டமன்றம் தனிச் சட்டம் இயற்றியது.

வங்கிக் கடன் தவறினால் என்னாகும் என்பதும் தெரிந்திருக்க வேண்டும். தொண்ணூறு நாள் நிலுவை நின்றால் அது வாராக் கடன். 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி அறுபது நாள் அறிவிப்புத் தந்து, வழக்குமன்றம் செல்லாமலே வங்கி வீட்டைக் கைப்பற்றி விற்கலாம். அறிவிப்பு வந்ததும் மூலையில் போடாமல் அந்த அறுபது நாளுக்குள் எழுத்து வழியே மறுப்போ கோரிக்கையோ தர உரிமை உண்டு; வங்கி பதினைந்து நாளில் மறுமொழி கூற வேண்டும். கடன் வாங்கிய தோழர்களுக்குக் கைகொடுக்கும் மற்றொரு விதியும் உண்டு. மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் தனியாருக்குத் தண்டம் விதிக்க வங்கிகளுக்கு 2012 முதல் உரிமையில்லை. தீபாவளிக்கு முன் வரும் போனசிலிருந்து ஆண்டுக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினால், நாம் எடுத்துக்கொண்ட இருபதாண்டுக் கடன் ஏறக்குறைய மூன்றரை ஆண்டு முன்னதாக முடியும். கட்டும்போது, தவணையைக் குறைக்காமல் காலத்தைக் குறைக்கும்படி எழுதிக் கொடுக்க வேண்டும்.

கடன் முழுதும் தீர்ந்தபின் மூலப்பத்திரத்தை முப்பது நாளுக்குள் திருப்பித் தர வேண்டும்; தாமதம் வங்கியால் நேர்ந்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் ஈடு தர வேண்டும் என்று 2023 டிசம்பர் முதல் விதி நடைமுறையில் உள்ளது. பத்திரம் கைக்கு வந்த அன்றே சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமான நீக்க ஆவணத்தையும் பதிந்துவிட வேண்டும். அதைச் செய்யாது விட்டால் வில்லங்கச் சான்றில் அந்தக் கடன் தீராமலே நிற்கும். பேரன் வீட்டைப் பாகம் பிரிக்கச் செல்லும் நாளில்தான் அது தெரியவரும்.